ஆராயாப் பழி

நுழையும்முன்

நோய்க்கும் வறட்சிக்கும் காரணம் தேடுவது மனித இயல்பு. தேடிய காரணம் கிடைக்காதபோது, அருகில் வாழும் எளியவர் ஒருவரையே காரணமாக்குவது மனிதரின் குறை. ‘சூனியக்காரி’ என்னும் ஒரு சொல், உலகின் பல நாடுகளில் பல்லாயிரம் பெண்களின் உயிரைப் பறித்திருக்கிறது. அச்சொல் எவ்வாறு பிறக்கிறது, யாரை நாடிச் செல்கிறது, எதன்முன் தோற்கிறது என்பவற்றை ஆராய்கிறது இக்கட்டுரை.

எலுமிச்சையும் சுட்டுவிரலும்

சேலம் மாவட்டத்துச் சங்ககிரி, மலைக்கோட்டையாலும் லாரித் தொழிலாலும் பெயர்பெற்ற ஊர். அவ்வூரிலிருந்து புறப்படும் லாரிகள் பலவற்றின் முகப்பில் எலுமிச்சையும் பச்சை மிளகாயும் கோத்த கயிறு தொங்கும். சக்கரத்தின் அடியில் எலுமிச்சம்பழத்தை வைத்து நசுக்கிய பின்னரே வண்டியை எடுப்போரும் உளர். பல நாள்கள் வீட்டைப் பிரிந்து, முன்பின் அறியாத சாலைகளில் இரவும் பகலும் செல்லும் ஓட்டுநரின் அச்சத்திற்கு அஃது ஓர் ஆறுதல். அக்கயிறு விபத்தைத் தடுக்காது. பழுதற்ற பிரேக்கும் போதிய உறக்கமுமே தடுக்கும். எனினும், அக்கயிற்றால் பிறர் எவருக்கும் தீங்கில்லை.

அந்த லாரி எங்கோ ஓரிடத்தில் விபத்துக்குள்ளாகிவிட்டது எனக் கொள்வோம். ‘புறப்படும்போது எதிரே வந்தாளே, அவள் கண்தான் பட்டுவிட்டது, அவள்தான் ஏதோ செய்துவிட்டாள்’ என்று ஒருவர் கூறிய அந்நொடியே நிலைமை மாறிவிடுகிறது. அதுவரை ஆறுதல் தேடிய அச்சம், இப்போது ஆளைத் தேடத் தொடங்குகிறது.

நம்பிக்கை ஒருவரின் மனத்திற்குள் இருக்கும்வரை அஃது அவருடைய உரிமை. அது பிறரை நோக்கிச் சுட்டுவிரலை நீட்டும்போது குற்றச்சாட்டாக மாறிவிடுகிறது. குற்றச்சாட்டு எனில் சான்று வேண்டும். சான்றில்லாத குற்றச்சாட்டு, ஊரே கூடிநின்று உரைத்தாலும் பழியே ஆகும். இவ்வேறுபாட்டை மறந்த சமூகங்களில் பெண்கள் அடித்து விரட்டப்பட்டனர், தூக்கிலிடப்பட்டனர், எரிக்கப்பட்டனர். இது கடந்துபோன இருண்ட காலத்தின் கதையன்று. நம் நாட்டில், நம் காலத்தில், இன்றும் நிகழ்வது.

ஐந்நூறு ரூபாய்த் தண்டம்

1995ஆம் ஆண்டு, அன்றைய பீகாரில், இன்று ஜார்க்கண்ட் மாநிலத்தைச் சேர்ந்த கம்ஹாரியா பகுதியில் உள்ள ஒரு சிற்றூர். பக்கத்து வீட்டுச் சிறுமி ஒருத்தி நோயுற்றாள். மருத்துவரிடம் செல்ல வேண்டிய அந்நோய், ஊர்ப் பஞ்சாயத்திற்குச் சென்றது. பிள்ளைகளோடு வாழ்ந்துவந்த சுட்னி மகதோ என்னும் பெண், சூனியம் வைத்து அச்சிறுமியை வருத்துகிறார் என்று பழி சுமத்தப்பட்டார். பஞ்சாயத்து அவருக்கு ஐந்நூறு ரூபாய் தண்டம் விதித்தது.

அவர் அத்தொகையைக் கட்டினார். கட்டினால் பழி நீங்கிவிடும் என்று எண்ணியிருக்கக்கூடும். ஆனால், ஊரார் பார்வையில் தண்டம் கட்டியதே குற்றத்தை ஒப்புக்கொண்டதற்கு அடையாளமாயிற்று. சிறுமியின் நோய் தீராதபோது கூட்டம் அவர் வீட்டைச் சூழ்ந்தது. அவர் தாக்கப்பட்டார், சொல்லத் தகாத இழிவுகளுக்கு ஆளாக்கப்பட்டார். இனி அங்கிருந்தால் உயிர் தங்காது என்றுணர்ந்து, தம் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு ஊரைவிட்டு வெளியேறினார்.

இந்நிகழ்வில் கருத வேண்டியது ஒன்று உண்டு. தாம் சூனியம் வைக்கவில்லை என்பதைச் சுட்னி எவ்வாறு மெய்ப்பித்திருக்க முடியும்? திருடவில்லை என்று காட்ட வழியுண்டு. பொருள் வேறிடத்தில் கிடைக்கலாம், களவு நடந்தபோது வேறோர் ஊரில் இருந்ததற்குச் சாட்சி கூறலாம். ஆனால், சூனியம் என்பது எவர் கண்ணுக்கும் புலப்படாதது. எத்தொலைவிலிருந்தும் செய்யத்தக்கது எனச் சொல்லப்படுவது. சிறுமி பிழைத்தால், ‘அஞ்சி எடுத்துவிட்டாள்’ என்பர். இறந்தால், ‘கொன்றுவிட்டாள்’ என்பர். பேசினால் வாயாடி, பேசாதிருந்தால் மந்திரம் முணுமுணுப்பவள். எவ்வகையிலும் மறுக்க இயலாதவாறு அமைந்திருப்பதே இப்பழியின் வலிமை. மறுக்க வழியே இல்லாத குற்றச்சாட்டின் பெயரால் ஒருவரைத் தண்டிப்பது நீதியாகாது.

பெயரால் ஒன்றான மற்றோர் ஊர்

பள்ளிக்கூடமும் மருத்துவமனையும் எட்டாத ஊர்களில்தாம் இவ்வாறு நிகழும் என்று கருதுவோர் உளர். கல்வி வந்தால் இப்பழி தானே மறையும் என்பது அவர்தம் எண்ணம். அவ்வெண்ணத்தைச் சோதித்தறிய, சங்ககிரி மக்களுக்கு நன்கு பழகிய ஒரு பெயரையே தாங்கிய மற்றோர் ஊருக்குச் செல்லுதல் வேண்டும்.

அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் சேலம் என்றோர் ஊர் உண்டு. தமிழகச் சேலத்தின் பெயரைச் சேரரோடும் சைலம் என்னும் மலையோடும் தொடர்புபடுத்துவர். அமெரிக்கச் சேலத்தின் பெயரோ அமைதி என்னும் பொருள்தரும் எபிரேயச் சொல்லிலிருந்து வந்தது. இரண்டுக்கும் உள்ள ஒற்றுமை ஒலியளவில் மட்டுமே. அமைதியைப் பெயராகக்கொண்ட அவ்வூர், 1692இல் அமைதியை முற்றாக இழந்தது.

அவ்வாண்டின் தொடக்கத்தில், 9 வயதும் 11 வயதும் உடைய சிறுமியர் இருவருக்குக் காரணம் விளங்காத வலிப்பும் அலறலும் தோன்றின. சூனியமே காரணம் என்று முடிவுகட்டப்பட்டது. செய்தவர் யார் என்று வற்புறுத்திக் கேட்டபோது மூவர் பெயர்கள் வெளிவந்தன. ஒருவர், அடிமையாக வேலை செய்த டிட்யூபா. மற்றொருவர், வீடுவீடாகச் சென்று இரந்துண்ட சாரா குட். மூன்றாமவர், சொத்து வழக்கில் சிக்கியிருந்தவரும் தேவாலயத்திற்குச் செல்லாதவருமான சாரா ஆசுபர்ன். ஊரில் எவருடைய ஆதரவும் இல்லாத மூவர் பெயர்களே முதலில் நாவில் வந்தன என்பது தற்செயலன்று.

பழி அம்மூவரோடு நிற்கவில்லை. சில மாதங்களுக்குள் 150க்கும் மேற்பட்டோர் குற்றஞ்சாட்டப்பட்டனர். குற்றஞ்சாட்டப்பட்டவரின் ஆவி தம்மைக் கிள்ளுவதைக் கண்டதாகச் சிறுமியர் கூறியதை நீதிமன்றம் சான்றாக ஏற்றுக்கொண்டது. பிறர் எவராலும் காண முடியாத ஒன்றைச் சான்றாகக் கொண்டபின், எவர்தாம் தப்ப இயலும்? 71 வயது மூதாட்டி ரெபெக்கா நர்ஸ் நல்லவர் என்று அண்டை வீட்டார் 39 பேர் எழுதிக் கையொப்பமிட்டுத் தந்தனர். நடுவர் குழு முதலில் அவரைக் குற்றமற்றவர் என்றே அறிவித்தது. சிறுமியர் அலறினர், மீண்டும் ஆராயுமாறு பணிக்கப்பட்ட குழு தன் முடிவை மாற்றிக்கொண்டது. 1692 சூலை 19 அன்று ரெபெக்கா தூக்கிலிடப்பட்டார்.

அவ்வழக்குகளில் மேலும் ஒரு கொடுமை இருந்தது. ‘நான் சூனியக்காரிதான்’ என்று ஒப்புக்கொண்டு அதில் நிலைத்தவர் எவரும் அப்போது தூக்கிலிடப்படவில்லை. ‘நான் அவ்வாறு செய்யவில்லை’ என்று உண்மை உரைத்தவர்களே தூக்குமேடை ஏறினர். தூக்கிலிடப்பட்டவர் 19 பேர். அவருள் 14 பேர் பெண்கள். வாக்குமூலம் தர மறுத்த முதியவர் கைல்ஸ் கோரி, உடல்மீது பாறைகளை ஏற்றி நசுக்கிக் கொல்லப்பட்டார். சிறையிலேயே இறந்தோரும் உண்டு.

இத்தீர்ப்புகளை வழங்கியவர்கள் எழுத்தறியாதவர் அல்லர். தலைமை நீதிபதி வில்லியம் ஸ்டௌட்டன், ஹார்வர்டு கல்லூரியில் பயின்றவர். அவருடன் அமர்ந்த சாமுவேல் சீவாலும் அங்குப் பயின்றவரே. எனவே, ஏட்டுக்கல்வி மட்டும் ஒருவரை இப்பழியிலிருந்து காத்துவிடாது. கற்ற கல்வி, ‘இதற்குச் சான்று என்ன?’ என்று கேட்கும் துணிவைத் தர வேண்டும். அத்துணிவைத் தராத கல்வி, அச்சத்திற்குச் சட்டமொழியைக் கற்றுத்தருவதோடு நின்றுவிடும்.

தாய்க்காக வாதிட்ட அறிஞர்

அத்துணிவு எவ்வாறு இயங்கும் என்பதற்கு அறிவியல் வரலாறே ஒரு சான்று தருகிறது. கோள்களின் இயக்க விதிகளைக் கண்டறிந்த ஜெர்மானிய அறிஞர் ஜோகன்னஸ் கெப்ளரை மாணவர் இயற்பியல் பாடத்தில் அறிந்திருப்பர். அவருடைய தாய் கேத்தரினா, லியோன்பர்க் என்னும் சிற்றூரில் கணவர் துணையின்றி வாழ்ந்த மூதாட்டி, மூலிகைகளை அறிந்தவர். 1615இல் அண்டை வீட்டுப் பெண் ஒருவர், கேத்தரினா தந்த கசப்பான பானத்தால்தான் தமக்குத் தீராத வலி உண்டாயிற்று என்று குற்றஞ்சாட்டினார். அதைத் தொடர்ந்து, பல ஆண்டுகளுக்கு முன் நேர்ந்த கால்வலி முதல் கால்நடை இறந்தது வரை ஊராரின் துன்பங்கள் பலவும் அவர் கணக்கில் எழுதப்பட்டன.

1620இல் கேத்தரினா கைது செய்யப்பட்டார். எழுபது வயதைக் கடந்த அவர், 14 மாதங்கள் சங்கிலியால் பிணைக்கப்பட்டுச் சிறையில் கிடந்தார். அரசவைக் கணித அறிஞராக விளங்கிய மகன், தம் ஆய்வுகளை நிறுத்திவைத்துத் தாய்க்காக வாதிட வந்தார். சாட்சிகளின் கூற்றுகளை ஒன்றன்பின் ஒன்றாக எடுத்துக்கொண்டு ஆராய்ந்தார். வலி எப்போது தொடங்கியது? அதற்கு முன்னரே அவருக்கு நோய் இருந்ததா? கடினமான உழைப்பாலும் முதுமையாலும் வரக்கூடிய வலிதானே அது? சாட்சி கூறுவோர்க்கும் தாய்க்கும் முன்பகை உண்டா? சூனியம் உண்டா இல்லையா என்னும் பெரிய வாதத்தில் அவர் இறங்கவில்லை. ஒவ்வொரு துன்பத்திற்கும் இயற்கையான காரணம் இருப்பதை எழுத்து வடிவில் காட்டினார். சித்திரவதைக் கருவிகளைக் காட்டி அச்சுறுத்தியபோதும் தாய் செய்யாத குற்றத்தை ஒப்புக்கொள்ளவில்லை. 1621இல் அவர் விடுவிக்கப்பட்டார். அடுத்த ஆண்டே இறந்தார்.

கோள்களின் பாதையைக் கண்டறிய உதவிய அதே முறைதான் ஒரு தாயின் உயிரையும் காத்தது. உற்றுநோக்குதல், கேள்வி எழுப்புதல், காரணத்தை ஆராய்தல் ஆகியன ஆய்வுக்கூடத்திற்கு மட்டும் உரியன அல்ல. ஊர் நடுவிலும் அவற்றுக்கு வேலை உண்டு.

பழி யாரை நாடிச் செல்கிறது?

மேற்கண்ட நிகழ்வுகளை அடுத்தடுத்து வைத்து நோக்கினால் ஓர் ஒழுங்கு தென்படும். முதலில், காரணம் விளங்காத ஒரு துன்பம் நேர்கிறது. அடுத்து, ஆதரவற்ற ஒருவர் அகப்படுகிறார். கணவரை இழந்தவர், தனித்து வாழும் மூதாட்டி, வறியவர், மூலிகை அறிந்தவர், எதிர்த்துப் பேசுபவர் ஆகியோரே பெரிதும் அகப்படுகின்றனர். ஊர்த்தலைவரோ பெருநிலக்கிழாரோ சூனியப் பழிக்கு ஆளாதல் அரிது. மெய்யாகவே ஒருவருக்குப் பிறரைக் கொல்லும் மந்திர ஆற்றல் இருக்குமாயின், ஊரார் அவருக்கு அஞ்சி நடுங்கியிருக்க வேண்டும். அவர் வீட்டுக் கதவை உடைக்கத் துணிந்திருக்கமாட்டார்கள். தாக்கவரும் கூட்டத்தின் துணிச்சலே, தாக்கப்படுபவரிடம் எந்த ஆற்றலும் இல்லை என்பதற்குச் சான்று.

மூன்றாவதாக, பழியால் பயன்பெறுபவர் ஒருவர் மறைவில் இருப்பது உண்டு. கணவரை இழந்த பெண்ணின் பெயரில் உள்ள நிலம், பங்காளிகளின் கண்ணை உறுத்துகிறது. வழக்குத் தொடுத்தால் ஆண்டுகள் பல ஆகும். ‘சூனியக்காரி’ என்ற சொல்லோ ஓரிரவில் அவரை ஊரைவிட்டே விரட்டிவிடும். நோயைக் குணப்படுத்த இயலாத மந்திரவாதிக்கும் அச்சொல் உதவுகிறது. தம் இயலாமையை வேறொருவர் மேல் சுமத்தித் தப்பித்துக்கொள்கிறார். ஆகவே, இதனை வெறும் அறியாமை என்று மட்டும் சொல்லி இரக்கப்படுவது போதாது. அறியாமை வைக்கோலாகக் கிடக்கிறது. தீயை வைப்பது பெரும்பாலும் பேராசையும் பகையுமே.

நான்காவது, ஊரின் மௌனம். பழி கூறுவோர் எப்போதும் சிலரே. அதை நம்பாதவர்களும் ஊரில் இருப்பர். ‘நமக்கேன் வம்பு’ என்று அவர்கள் கதவைச் சாத்திக்கொள்ளும்போது, சிலரின் பழி ஊரின் தீர்ப்பாகிவிடுகிறது. ஆராயாமல் வழங்கிய ஒரு தீர்ப்பால் மதுரையே எரிந்த கதையைச் சிலப்பதிகாரம் கூறுகிறது. கோவலன் கையில் இருந்த சிலம்பைப் பார்த்தவர் பலர். அதன் உள்ளே இருக்கும் பரல் யாது எனக் கேட்டறிந்தவர் எவரும் அங்கில்லை. கண்ணகி வந்து உடைத்துக்காட்டும் வரை அக்கேள்வி காத்திருந்தது. அதற்குள் ஓர் உயிர் போய்விட்டது.

பொய்த்துப்போன குறி

மௌனத்தை உடைத்தவர்களும் உண்டு. அசாம் மாநிலத்தின் கோல்பாரா மாவட்டத்தில், மேகாலய எல்லையை ஒட்டிய தாகுர்விலா என்னும் சிற்றூரைச் சேர்ந்தவர் பீருபாலா ராபா. இளமையிலேயே தந்தையை இழந்தவர். அதிகம் படிக்கும் வாய்ப்புப் பெறாதவர். 1980களில் அவருடைய மூத்த மகன் நோயுற்றபோது, பிறரைப் போலவே அவரும் குறி சொல்பவரை நாடிச் சென்றார். மகனை ஓர் அணங்கு பற்றியிருக்கிறது, மூன்று நாள்களில் அவன் இறந்துவிடுவான் என்று கூறப்பட்டது. மூன்று நாள்கள் கழிந்தன, மகன் இறக்கவில்லை.

பலர் இத்தகைய நேரத்தில், ‘தெய்வம் காத்தது’ என்று கூறி அமைந்துவிடுவர். பீருபாலாவோ, குறி பொய்த்ததென்றால் அக்குறியால் சூனியக்காரி எனப் பெயர் சூட்டப்பட்ட பெண்களின் கதி என்ன என்று சிந்தித்தார். அவ்வாறு சிந்திக்கப் பட்டம் எதுவும் அவருக்குத் தேவைப்படவில்லை. ஹார்வர்டில் பயின்ற நீதிபதிகள் கேட்கத் தவறிய கேள்வியை, அசாமின் எளிய தாய் ஒருவர் கேட்டார்.

பின்னர் ஊர்க்கூட்டங்களில் எழுந்துநின்று, சூனியக்காரி என எவரும் இல்லை என்று உரைத்தார். அதற்காக அவரும் ஊரால் ஒதுக்கிவைக்கப்பட்டார். அவர்மீதும் அதே பழி சுமத்தப்பட்டது. அவர் பின்வாங்கவில்லை. பழிக்கு ஆளான பெண்கள் பலரை நேரில் சென்று மீட்டார். அவர் பெயரில் தோன்றிய ‘மிஷன் பீருபாலா’ என்னும் இயக்கம் அப்பணியை ஊர்தோறும் எடுத்துச்சென்றது. அவருடைய நெடிய போராட்டத்தின் விளைவாக, 2015இல் அசாம் சட்டமன்றம் இக்கொடுமைக்கு எதிராகக் கடுமையான சட்டத்தை நிறைவேற்றியது.

ஊரைவிட்டு விரட்டப்பட்ட சுட்னியும் தம் துன்பத்தோடு ஒடுங்கிவிடவில்லை. ஜாம்ஷெட்பூரில் இயங்கிய இலவசச் சட்ட உதவிக் குழுவோடு இணைந்து, தம்மைப் போலப் பழி சுமந்த பெண்களுக்குப் புகலிடமும் சட்ட உதவியும் பெற்றுத்தந்தார். 2021ஆம் ஆண்டுக்கான பத்மஸ்ரீ விருது பெற்றோர் பட்டியலில் சுட்னி, பீருபாலா ஆகிய இருவர் பெயர்களும் இடம்பெற்றன. பீருபாலா 2024 மே திங்களில் மறைந்தார்.

தெரிந்து தெளிவோம்

சூனியப் பழிக்கு எதிராகத் தனிச்சட்டம் இயற்றிய மாநிலங்களுள் சில: பீகார் (1999), ஜார்க்கண்ட் (2001), சத்தீஸ்கர் (2005), ஒடிசா (2013), இராஜஸ்தான் (2015), அசாம் (2015). மூடநம்பிக்கைகளை எதிர்த்துப் போராடிய மருத்துவர் நரேந்திர தபோல்கர், 2013 ஆகஸ்டு 20 அன்று புனே நகரில் சுட்டுக்கொல்லப்பட்டார். அவர் நெடுங்காலம் வேண்டிவந்த சட்டத்தை மகாராஷ்டிர மாநிலம் அவ்வாண்டிலேயே இயற்றியது.

நம் வீட்டு வாசலில்

அசாமும் ஜார்க்கண்டும் தொலைவில் உள்ளன என்று தமிழகத்தில் வாழ்வோர் மனநிறைவு கொள்ளலாகாது. அப்பழியின் மென்மையான வடிவங்கள் நம் வீட்டு வாசலிலும் உள்ளன. வெளியே புறப்படுபவர் எதிரே கணவரை இழந்த பெண் வந்தால், உள்ளே திரும்பிச்சென்று தண்ணீர் அருந்திவிட்டுப் புறப்படுவோர் இன்றும் உளர். தாம் பெற்ற மகளின் திருமணத்திலேயே தாலியைத் தொட்டு வாழ்த்தத் தயங்கி, தூணோரம் ஒதுங்கிநிற்கும் தாய்மார் உளர். குழந்தை உணவு உண்ண மறுத்தால், மகப்பேறு இல்லாத அண்டை வீட்டுப் பெண்ணின் கண்பட்டது என்று முணுமுணுப்போர் உளர். குடும்பத்தில் அடுத்தடுத்து இழப்பு நேர்ந்தால், ‘செய்வினை வைத்துவிட்டார்கள்’ என்று உறவினர் மேல் ஐயம் கொண்டு, அதை எடுப்பதற்கெனக் கடன் வாங்கிச் செலவழிப்போரும் உளர்.

இவற்றால் எவரும் தூக்கிலிடப்படுவதில்லை என்பது உண்மைதான். ஆயினும், இவற்றின் உள்ளே இருக்கும் எண்ணம் ஒன்றே: ஒரு பெண்ணின் இருப்பே பிறருக்குத் தீங்கு விளைவிக்கும் என்னும் எண்ணம். அவ்வெண்ணம் முகத்தைத் திருப்பிக்கொள்வதில் தொடங்கினால், எங்கு முடியும் என்று எவராலும் கூற இயலாது. தூணோரம் நிற்கும் தாயை அழைத்து முன்வரிசையில் அமர்த்துவது சிறு செயலாகத் தோன்றலாம். பழியின் வேரில் விழும் முதல் வெட்டு அதுவே.

‘இவையெல்லாம் பண்பாடு, முன்னோர் வழக்கம்’ என்று வாதிடுவோர் உளர். தமிழ் மரபு ஒரே குரலில் பேசுவதன்று. எவர் கூறினும் அதன் உண்மையை ஆராய்ந்து அறிவதே அறிவு என்று வள்ளுவர் வகுத்ததும் இம்மரபே. சடங்குகளின் வெறுமையைச் சித்தர்கள் சாடியதும், பேய்க்கதை சொல்லிச் சிறுவரை அச்சுறுத்துவோரைப் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் திரைப்பாடலிலேயே கண்டித்ததும் இம்மண்ணில்தான். அஞ்சுவது மட்டும் முன்னோர் வழக்கமன்று. ஆராய்வதும் முன்னோர் வழக்கமே. இலங்கையில் வாழ்ந்த பகுத்தறிவாளர் ஆபிரகாம் கோவூர் (1898-1978), ஏமாற்ற இயலாத சூழலில் மாய ஆற்றலை மெய்ப்பித்துக் காட்டுவோருக்கு ஓர் இலட்சம் ரூபாய் தருவதாக அறிவித்தார். அவர் மறையும்வரை எவரும் அப்பரிசைப் பெறவில்லை.

சட்டமும் துணிவும்

சட்டங்கள் வந்தபின்னும் இக்கொடுமை நின்றுவிடவில்லை. தேசியக் குற்ற ஆவணக் காப்பகம், சூனியத்தைக் காரணமாகக் கொண்ட கொலைகளைத் தனியே கணக்கிடுகிறது. அதன்படி 2020இல் 88 பேரும், 2021இல் 68 பேரும், 2022இல் 85 பேரும் கொல்லப்பட்டனர். கொல்லப்படாமல் அடித்து விரட்டப்பட்டவர்களும், நிலத்தை இழந்தவர்களும், பிள்ளைகளின் பள்ளிப்படிப்பு நின்றுபோனவர்களும் இக்கணக்கில் வாரார்.

சட்டம் தேவை, ஐயமில்லை. பழி சுமத்துவதே குற்றம் என்று சட்டம் கூறும்போது, பாதிக்கப்பட்டவருக்குக் காவல் நிலையத்தின் படியேறும் துணிவு பிறக்கிறது. எனினும், சட்டம் பெரும்பாலும் நிகழ்வுக்குப் பின்னரே வந்துசேர்கிறது. முன்னரே வந்துசேர வேண்டியவை இரண்டு. ஒன்று, எளிதில் எட்டும் மருத்துவமனை. சிறுமியின் காய்ச்சலுக்கு மருந்து கிடைத்துவிட்டால், மந்திரவாதிக்கு அங்கு வேலையில்லை. மற்றொன்று, கேள்வி கேட்கும் மனம். அறிவியல் மனப்பான்மையையும் மனிதநேயத்தையும் ஆராயும் உணர்வையும் வளர்த்தல் குடிமக்களின் அடிப்படைக் கடமை என்று இந்திய அரசமைப்புச் சட்டத்தின் 51அ பிரிவு கூறுகிறது. அறிவியல் மனப்பான்மையும் மனிதநேயமும் அங்கு ஒருங்கே வைக்கப்பட்டிருப்பது பொருள் பொதிந்தது. மூடநம்பிக்கை கொண்டோரை எள்ளி நகையாடுவதால் அவர்கள் மாறுவதில்லை. நோயுற்ற பிள்ளையின் தாய்க்கு உள்ள அச்சம் மெய்யானது. அவ்வச்சத்தை மதித்து, அவரை மருத்துவரிடம் அழைத்துச்செல்வதே ஆராயும் அறிவின் பயன்.

மாணவர் பெற்றுத்தந்த தீர்ப்பு

அமெரிக்கச் சேலம் தன் பிழையை மெல்ல உணர்ந்தது. ஆவியைக் கண்டதாகக் கூறும் சாட்சியம் செல்லாது என்றானபின், வழக்குகள் ஒவ்வொன்றாக வீழ்ந்தன. தூக்குத் தண்டனைகள் நிறைவேறி ஐந்தாண்டுகள் கழியுமுன், 1697இல் நீதிபதி சாமுவேல் சீவால் தேவாலயத்தில் மக்கள்முன் எழுந்துநின்று தம் குற்றத்தை ஏற்றுக்கொண்டார். நடுவராக இருந்தோர் பன்னிருவரும் மன்னிப்புக் கேட்டனர். 1711இல் பலருடைய பழி அரசால் நீக்கப்பட்டது. ஆனால், அப்பட்டியலில் எலிசபெத் ஜான்சன் என்னும் பெண்ணின் பெயர் விடுபட்டுப்போயிற்று. 1693இல், 22 வயதில் மரண தண்டனை விதிக்கப்பட்டு, ஆளுநரின் ஆணையால் உயிர்பிழைத்தவர் அவர். அவருக்குப் பிள்ளைகள் இல்லை. அவர் சார்பில் பேச வழித்தோன்றல் எவரும் இல்லை. ஏடுகளில் அவர் குற்றவாளியாகவே நீடித்தார்.

மூன்று நூற்றாண்டுகளுக்குப் பின், அவர் வாழ்ந்த பகுதியைச் சேர்ந்த நார்த் ஆண்டோவர் நடுநிலைப் பள்ளியின் எட்டாம் வகுப்பு மாணவர்கள், குடிமையியல் வகுப்பில் அவர் வரலாற்றைப் படித்தனர். ஆசிரியரின் வழிகாட்டுதலோடு ஆவணங்களைத் தேடினர். சட்டமன்ற உறுப்பினர்களுக்கு மடல் எழுதினர். அவர்கள் முயற்சியின் பயனாக, 2022 சூலைத் திங்களில் எலிசபெத் ஜான்சன் குற்றமற்றவர் என்று மாசசூசெட்ஸ் அரசு சட்டப்படி அறிவித்தது. தண்டனைக்கும் விடுதலைக்கும் இடையே 329 ஆண்டுகள்.

சங்ககிரிக் கோட்டையில் 1805இல் ஆங்கிலேயரால் தூக்கிலிடப்பட்ட தீரன் சின்னமலையை மக்கள் ஆண்டுதோறும் நினைவுகூர்கின்றனர். ஆட்சியாளர் குற்றவாளி என்றவரை ஊர் வீரர் என்றது. சூனியப் பழியில் மாண்ட பெண்களுக்கோ ஆட்சியும் ஊரும் ஒருசேர எதிர்நின்றன. அவர்களுக்காகப் பேசும் கடமை, கற்றவர்களிடமே வந்துசேர்கிறது.

நார்த் ஆண்டோவர் மாணவர்கள் கேட்டது எளிய கேள்விதான்: ‘இவர் குற்றவாளி என்பதற்குச் சான்று என்ன?’ 1692இன் தொடக்கத்தில், முதற்பெயர் நாவில் வந்த அன்றே ஊரார் சிலர் அதைக் கேட்டிருக்கலாம். பஞ்சாயத்துக் கூடிய அன்றே சுட்னியின் அண்டை வீட்டார் கேட்டிருக்கலாம். திருமண வீட்டிலும் திண்ணையிலும் திருவிழாக் கூட்டத்திலும் எளியவர் ஒருவரை நோக்கி ஒரு விரல் நீளும்போது, அங்கு நிற்கும் மாணவர் ஒருவர் அதைக் கேட்கலாம்.

கற்பவை கற்றபின்

1. உங்கள் பகுதியில் வழங்கும் நம்பிக்கைகளைத் திரட்டி, ‘எவருக்கும் தீங்கற்றவை’, ‘பிறரைப் புண்படுத்துபவை’ என இருவகைப்படுத்தி வகுப்பறையில் கலந்துரையாடுக.

2. கெப்ளர் தம் தாய்க்காக வாதிடுவதை ஓரங்க நாடகமாக எழுதி நடித்துக்காட்டுக.

3. ‘ஊரின் மௌனமும் ஒரு குற்றமே’ – இக்கூற்றை ஏற்றோ மறுத்தோ காரணங்களுடன் ஒரு பக்க அளவில் எழுதுக.